இல்லம் இழந்தோரும் நம் கடமையும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்துருவம்)



 இந்த விழாவிலே சமயச் சார்பான சொற்பொழிவொன்று நிகழ்த்த வேண்டுமென்று சங்கச் செயலாளர் என்னைக் கேட்டுக்கொண்டார். பொருளை நானே தெரிந்துகொள்ளலாம் என்றும் சொன்னார். வீடில்லாதவர்களைப் பற்றிப் பேச விரும்புகிறேன் என்றேன். சற்று யோசித்து, "அது சமயப் பொருளாகுமா?" என்றார். அவருடைய கேள்வி நியாயமானதே. ஆதலால் அதற்கு முதலில் விடை கூறிவிட்டு மேற்செல்கிறேன்.

உயிர் அடையவேண்டிய உறுதிப் பொருள்கள் நான்கு என நம் முன்னோர் வகுத்தனர். அறம், பொருள், இன்பம் என்னும் மூன்றையும் கூறி, முடிவான நான்காவது பேற்றுக்கு அவர்கள் இட்ட பெயர் 'வீடு' என்பதாகும். பாசங்களை விட்டு இறைவன் திருவடியில் இளைப்பாறும் நிலைக்கும், பகலெல்லாம் உழைத்தவன் மாலையில் வந்து பாரத்தை இறக்கிவைக்கும் இடத்துக்கும் தமிழிலே ஒரே சொல் வழங்குகிறது. இறக்கிவைக்க ஓரிடம் இல்லாதவனிடம் போய்ப் பாசத்தை விடு என்று போதிப்பது எவ்வளவு பொருந்தாத செயல்! துறவி தன் வீட்டைத் தானே விடுகிறான். அதனால் அவன் உயர்கிறான். வீடற்றவனிடமிருந்தோ வீடு பறிக்கப்படுகிறது. இரண்டையும் ஒன்றாக எண்ணி, "அவனுக்கென்ன, கவலையில்லாதவன்" என்று பேசுவது அறியாமை. இல்லறத்தானுடைய முதற் கடமைகளுள் விருந்தோம்பலையும் ஒன்றாக வைத்த சமுதாயத்துக்கு, வீடற்றவனைப் பற்றிய சிந்தனை சமயச் சிந்தனையே ஆகும்.

வீடற்றவர் யாவர்? கொழும்புக் கோட்டைப் புகையிரத நிலையத்துக்கு அருகிலும், புறக்கோட்டைக் கடைவாசல்களிலும் இரவிலே அட்டைப்பெட்டியை விரித்துப் படுப்பவர்களே உடனே நம் நினைவுக்கு வருவர். அவர்கள் வீடற்றவர்களே. ஆனால் அவர்கள் மட்டும் அல்லர். முகாமிலே தறப்பாளின் கீழ் ஆண்டுக்கணக்காக இருந்தவர்களும் வீடற்றவர்கள். உறவினர் வீட்டு விறாந்தையிலே, வீட்டுக்காரியின் முகம் பார்த்து உலை வைத்தவர்களும் வீடற்றவர்கள். எந்த நாளில் எழுப்பப்படுவோமோ என்ற அச்சத்தோடு பிறர் காணியிலே கொட்டில் போட்டிருப்பவர்களும் அப்படியே. கூரை இருந்தும், அது தனதென்று சொல்ல முடியாதவன் அரைவாசி வீடற்றவனே.

நான்கு சுவரும் கூரையும் மட்டுமா வீடு? யாழ்ப்பாணத்திலே நாம் பேசும் தமிழைச் சற்றுக் கவனியுங்கள். கலியாணவீடு என்கிறோம், சாமத்தியவீடு என்கிறோம், செத்தவீடு என்கிறோம், அந்தியேட்டி வீடு என்கிறோம். நன்மையும் தின்மையும் நடப்பதற்கு வீடு வேண்டும். அங்கே ஊர் கூடவேண்டும். வீட்டை இழந்தவன் கூரையை மட்டும் இழக்கவில்லை. ஊரார் வந்து கூடும் இடத்தையும் இழக்கிறான். மகளுக்கு மங்கல நீராட்ட முற்றமில்லை. தகப்பனுடைய பிரேதத்தைக் கிடத்த ஒரு கூடமில்லை. முகாம்களிலே பத்தடிக் கொட்டிலுக்குள் இவை எல்லாம் நடந்தன. செத்தவீட்டுக்கு வந்தவர்கள் அயற்கொட்டிலின் வாசலில் நிற்க வேண்டியிருந்தது.

தனி மனிதனுக்கு இதனால் வரும் கேடுகளை நோக்குவோம். முதலிலே போவது நித்திரை. வீதியிற் படுப்பவன் ஒருநாளும் முழு நித்திரை கொள்வதில்லை. மழைக்குப் பயம், கள்வனுக்குப் பயம், கடைக்காரன் வந்து எழுப்புவான் என்ற பயம். நித்திரை போனால் புத்தி தளர்கிறது, கோபம் மிகுகிறது, வேலை கெடுகிறது. அடுத்து உடம்பு. காலிலே வந்த சிறு புண்ணைக் கழுவித் துணி கட்ட நல்ல தண்ணீர் இல்லாமையால் அது பெரும் புண்ணாகிறது. நீரிழிவுக்காரருக்கு மருந்தைக் குளிர்ச்சியாக வைக்க இடமில்லை. பெண்கள் படும்பாடு சொல்லுந்தரமன்று. மறைவிடம் இல்லாமையால், பொழுது சாயும்வரை தண்ணீர் குடியாமல் இருந்து நோயை வருவித்துக்கொண்டவர் பலர். பிள்ளைகள் படிப்பதற்கு விளக்கில்லை, மேசையில்லை, அமைதியுமில்லை.

மதுவைப் பற்றியும் ஒரு வார்த்தை. "குடித்துக் குடித்தே வீதிக்கு வந்தான்" என்று நாம் தீர்ப்புச் சொல்லிவிடுகிறோம். அப்படி வந்தவர் உண்டு. ஆனால் வீதிக்கு வந்தபின், குளிரையும் வெட்கத்தையும் மறக்கக் குடிக்கத் தொடங்கியவரும் உண்டு. மனநோயினால் வீடு இழந்தவரும் உண்டு. வீடு இழந்ததனால் மனநோய் அடைந்தவரும் உண்டு. எது முந்தியது என்று விசாரியாமல் ஒருவனைக் குற்றவாளியாக்குதல் தருமம் அன்று.

இவற்றோடு இன்னொரு இழப்பும் உண்டு. அது விலாசம். அடையாள அட்டை பெற விலாசம் வேண்டும். அதனைக் கிராம அலுவலர் உறுதிப்படுத்த வேண்டும். வாக்காளர் இடாப்பிலே பெயர் பதிய விலாசம் வேண்டும். பிள்ளையைப் பாடசாலையிற் சேர்க்க விலாசம் வேண்டும். வேலை கேட்டுப் போனால் முதற் கேள்வியே "எவ்விடம்?" என்பதுதான். விலாசம் இல்லாதவனை அரசாங்கம் காண்பதில்லை, நாமும் காண்பதில்லை.

விலாசம் இல்லாமற் பல தலைமுறை வாழ்ந்தவர்கள் நம் நாட்டிலேயே இருந்தனர். மலையகத்துத் தோட்டத் தொழிலாளரைச் சொல்லுகிறேன். பத்தடி அகலமும் பன்னிரண்டடி நீளமும் கொண்ட லயத்துக் காம்பிரா ஒன்றிலே ஒரு குடும்பம் முழுவதும் சமைத்தது, படுத்தது, பிள்ளை பெற்றது. அவர்களுக்கு வந்த கடிதங்கள் தோட்டக் கந்தோருக்கே போயின. கோப்பியையும் தேயிலையையும் நட்டு இந்த நாட்டுக்குச் செல்வம் சேர்த்த அம்மக்களுள் பெரும்பாலோர் 1948 ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தினால் நாடற்றவராயினர்.

இங்கே மூன்று ஆண்டுகளில் வந்த ஒரே திகதியை உங்கள் முன் வைக்க விரும்புகிறேன். அது ஒக்டோபர் மாதம் 30 ஆந் திகதி.

1964 ஆம் ஆண்டு அந்தத் திகதியில், இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்தனர். 9,75,000 மக்களுள் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை வழங்கும், மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் தீர்மானிக்கலாம் என்று எழுதினர். அம்மக்களிடம் "நீங்கள் எங்கே இருக்க விரும்புகிறீர்கள்?" என்று முன்னதாகக் கேட்டவர் இல்லை. பெற்றோர் ஒருபுறமும் பிள்ளைகள் மறுபுறமுமாகப் பிரிந்த குடும்பங்கள் பல. தலைமன்னாரிற் கப்பலேறியவர்களுட் பலர் அதற்குமுன் இராமேசுவரத்தைக் கண்ணாலும் கண்டதில்லை.

1990 ஆம் ஆண்டு அதே ஒக்டோபர் 30 ஆந் திகதி, யாழ்ப்பாணப் பட்டினத்து முஸ்லிம் மக்களை இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேறுமாறு தமிழீழ விடுதலைப் புலிகள் கட்டளையிட்டனர். அந்த ஒரு மாதத்துக்குள் வடமாகாணம் முழுவதிலுமிருந்து 70,000 பேருக்கு மேற்பட்டோர் வெளியேற்றப்பட்டனர். பெரும்பாலோர் புத்தளம் சென்று ஓலைக்கொட்டில்களில் ஒதுங்கினர். சோனகதெருவிலே தலைமுறை தலைமுறையாக நம்மோடு வாழ்ந்தவர்கள், நம் நன்மை தின்மைக்கு வந்தவர்கள், கையிற் பையோடு போயினர். நம்மவருட் சிலர் கண்ணீர் விட்டனர். பலர் வாளாவிருந்தனர். அச்சமே காரணம் என்பதை நான் மறுக்கவில்லை.

சரியாக ஐந்து ஆண்டுகள் கழிந்து, 1995 ஆம் ஆண்டு ஒக்டோபர் 30 ஆந் திகதி, இராணுவம் நெருங்கிவர, வலிகாமம் முழுவதும் எழுந்து நடந்தது. ஒலிபெருக்கியில் வந்த அறிவித்தலைக் கேட்டு, இலட்சக்கணக்கானோர் ஓரிரவிலே மழையில் நனைந்துகொண்டு செம்மணி வெளியையும் நாவற்குழிப் பாலத்தையும் கடந்து தென்மராட்சிக்குச் சென்றனர். சயிக்கிளிலே கிழவியை இருத்தித் தள்ளியவர்கள், வழியிலே குடைபிடித்துப் பிள்ளை பெற்றவளுக்கு மறைப்புக் கட்டியவர்கள் இந்தச் சபையிலேயே இருக்கக்கூடும்.

இந்தத் திகதிப் பொருத்தத்தை வினைப்பயன் என்று கூற யான் துணியேன். பச்சைக் குழந்தையின் தலையிலே எந்த வினையை ஏற்றுவது? கன்மக் கொள்கை நம் சமயத்தின் பெருங்கொள்கைதான். ஆனால் அது என் துன்பத்தை நான் பொறுத்துக்கொள்வதற்குத் தரப்பட்டதேயன்றி, பிறன் துன்பத்தை நான் பொறுத்துக்கொள்வதற்குத் தரப்பட்டதன்று. "அவன் விதி" என்று சொல்லிக் கதவைச் சாத்துபவன் சமயத்தைக் கவசமாக்கித் தன் உலோபத்தை மறைக்கிறான். அந்தத் திகதி எனக்கு உணர்த்துவது இவ்வளவே: அயலவன் வீடு இழக்கும்போது நம் வீடு பத்திரமாக இருக்கிறது என்று எண்ணுவது பேதைமை.

இனி, வீடிழப்பினால் ஓர் ஊருக்கு என்ன நேர்கிறது என்பதை வலிகாமம் வடக்கைக் கொண்டு பார்ப்போம். செம்மண் பூமி, வெங்காயமும் புகையிலையும் வாழையும் விளைந்த பூமி. மயிலிட்டியிலே மீன்பிடித் துறை, காங்கேசன்துறையிலே துறைமுகமும் சீமெந்துத் தொழிற்சாலையும், கீரிமலையிலே நகுலேசுவரம், மாவிட்டபுரத்திலே கந்தசுவாமி கோயில். 1990 ஆம் ஆண்டு யூன் மாதத்தில் மீண்டும் போர் மூண்டபோது மக்கள் எழுந்தனர். இரண்டு கிழமையிலே திரும்பலாம் என்று எண்ணி அடுப்பிலே சாம்பலையும் அள்ளாமல் வந்தவர் பலர். அப்பகுதி உயர் பாதுகாப்பு வலயமாயிற்று. 2009 இல் போர் முடிந்தபின்னும் 2013 ஆம் ஆண்டிலே 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிப்பதற்கு அறிவித்தல் ஒட்டப்பட்டது. மயிலிட்டித் துறை விடுவிக்கப்பட்டது 2017 ஆம் ஆண்டு யூலை மாதத்தில். 27 ஆண்டுகள்!

இந்த 27 ஆண்டுகளில் அழிந்தவை வீடுகள் மட்டுமல்ல. கோயிற் திருவிழா உபயங்கள் குலைந்தன. எந்தக் குடும்பத்துக்கு எந்த நாள் என்பதை அறிந்த முதியவர்கள் முகாம்களிலே கண்மூடினர். நம் வழக்கப்படி பெண்ணுக்குச் சீதனமாக வீடுவளவு எழுதுவதுண்டு. வளவே வேலிக்கு அப்பாற் போனபோது எழுத உறுதியிருந்தும் கொடுக்க நிலமில்லை, கலியாணங்கள் தள்ளிப்போயின. கடற்றொழிலாளி கடலில்லாத ஊரிலே கூலிக்குப் போனான். தோட்டக்காரன் பிறன் காணியைக் குத்தகைக்கு எடுத்தான். முகாமிலே பிறந்த பிள்ளையை "எந்த ஊர்?" என்று கேட்டால், தான் கண்டேயிராத தகப்பனுடைய ஊரின் பெயரைச் சொல்லிற்று. முகாம் அமைந்த காணியும் பெரும்பாலும் யாரோ ஒருவருடைய சொந்தக் காணியே. அவரும் தம் நிலத்தைப் பயன்படுத்த முடியாமல் இருந்தார். கிணற்றடியிலே வாய்த்தர்க்கம் வந்தது. வந்தவனும் இருந்தவனும் ஒருவரையொருவர் நொந்துகொண்டனர்.

இப்பொழுது கசப்பான ஓர் உண்மையைச் சொல்லப்போகிறேன். பெரியோர்கள் பொறுத்தருள வேண்டும். 1990 இல் எல்லோரும் ஒன்றாகத்தான் வெளியேறினோம். ஆயினும் எல்லோரும் முகாமிலேயே இருந்துவிடவில்லை. கையிலே காசுள்ளவர் வேறிடத்திற் காணி வாங்கினர். உறவினர் கொழும்பிலும் வெளிநாட்டிலும் உள்ளவர் அங்கே சென்றனர். இருபது, இருபத்தைந்து ஆண்டுகள் கழித்தும் முகாமில் எஞ்சியிருந்தவர் யார்? பெரும்பாலும், 1990 க்கு முன்னரும் சொந்தக் காணி இல்லாதிருந்தவர்கள். தாழ்ந்தவர் என்று நம் சமூகம் ஒதுக்கிவைத்திருந்தவர்கள். மாவிட்டபுரம் கோயில் வாசலிலே 1968 ஆம் ஆண்டு ஆலயப் பிரவேசம் கேட்டு அவர்கள் நின்றபோது கதவு அடைக்கப்பட்டதை நாம் மறக்கலாகாது. யுத்தம் அவர்களை வீடற்றவராக்கியது உண்மை. அவர்களை நிலமற்றவராக வைத்திருந்தது யுத்தமன்று, நாம். காணியை விடுவிக்கும்போது காணிக்காரனுக்கு விடிவு வரும். காணியே இல்லாதவனுக்கு எதை விடுவிப்பது? 1977 இலும் அதன் பின்னரும் வன்செயலுக்கு அஞ்சி வன்னிக்கு வந்த மலையக மக்களின் நிலையும் இதுவே. அங்கேயும் உறுதியில்லாத நிலம், மறுபடியும் போர், மறுபடியும் முகாம். வீடின்மை புயலைப்போல எல்லோர்மீதும் வீசினாலும், வேரூன்ற நாம் இடங்கொடாத மரத்தையே அது முற்றாகச் சாய்க்கிறது.

இதற்குப் பரிகாரம் என்ன? சென்ற காலத்துப் பாடங்கள் சில உள.

வீடற்றோருக்கு உறைவிடம் அளிக்கும் சர்வதேச ஆண்டாக 1987 ஆம் ஆண்டை ஐக்கிய நாடுகள் சபை கொண்டாடியது. அந்த யோசனையை 1980 இல் அச்சபையில் முன்வைத்தவர் அப்போது இலங்கைப் பிரதமராயிருந்த ரணசிங்க பிரேமதாச. அவர் காலத்தில் 1984 இல் தொடங்கிய பத்து இலட்சம் வீட்டுத் திட்டம், மக்களுக்குச் சிறு கடன் கொடுத்துத் தம் வீட்டைத் தாமே கட்ட இடங்கொடுத்தது. அது நல்ல வழி. ஆயினும் அந்த 1987 ஆம் ஆண்டு மே மாதத்திலேதான் வடமராட்சியில் இராணுவ நடவடிக்கை நிகழ்ந்து, மக்கள் வீடுகளை விட்டுக் கோயில்களிலும் பாடசாலைகளிலும் ஒதுங்கினர். ஒரு கை கட்டும்போது மறு கை இடிப்பதானால் வீட்டுத் திட்டத்தாற் பயனென்ன?

2004 ஆம் ஆண்டு டிசம்பர் 26 ஆந் திகதி சுனாமி வந்தது. அதன்பின், கரையிலிருந்து தெற்கிலும் மேற்கிலும் 100 மீற்றருக்குள்ளும், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றருக்குள்ளும் வீடு கட்டலாகாது என விதித்தனர். நோக்கம் நல்லதே. ஆனால் கடலிலிருந்து தொலைவிலே வீடு பெற்றவன் வள்ளத்தையும் வலையையும் யார் காவலில் விடுவான்? விதியைப் பின்னர் தளர்த்த வேண்டியதாயிற்று. தொழிலைப் பிரித்து வீட்டைக் கொடுத்தால் அவ்வீடு பூட்டியே கிடக்கும்.

போருக்குப்பின் இந்திய அரசின் உதவியால் வடக்குக் கிழக்கில் நடந்த வீட்டுத் திட்டத்திலே, ஒரு குடும்பத்துக்கு 5,50,000 ரூபா கட்டங் கட்டமாக வங்கியிலே இடப்பட்டது. வீட்டுக்காரரே நின்று கட்டினர். தன் கையால் அத்திவாரம் வெட்டியவனுக்கு அந்த வீட்டிலே தனிப்பற்று உண்டு. ஆனால் கொடுத்த பணத்துக்கு மேலே பெரிதாகக் கட்ட ஆசைப்பட்டுக் கடனாளியானவரும் உண்டு. அருகிலிருந்து ஆலோசனை சொல்ல ஒருவர் இருந்திருந்தால் அந்தக் கடனைத் தவிர்த்திருக்கலாம். இளைஞர்களே, அந்த ஒருவர் நீங்களாக இருக்கலாம்.

நம் முன்னோர் என்ன செய்தனர்? பருத்தித்துறைக்குப் போனால் தெருமூடிமடத்தைக் காணலாம். வீதிக்கு மேலேயே கூரை வேய்ந்து, இரு பக்கமும் திண்ணை கட்டி, வழிப்போக்கன் யாராயினும் இருந்து இளைப்பாற விட்டனர். வழிதோறும் மடங் கட்டினர், சுமைதாங்கி நாட்டினர். இதற்கு நேர்மாறாக ஆங்கில ஆட்சியிலே 1841 ஆம் ஆண்டில் அலைந்து திரிவோர் கட்டளைச் சட்டம் வந்தது. பிழைப்புக்கு வழி காட்ட முடியாத ஒருவன் அனுமதியின்றிப் பிறர் விறாந்தையிலோ கொட்டிலிலோ தங்கினால் அது குற்றம் என்றது அச்சட்டம். திண்ணை கட்டிய மரபு நம்முடையது. திண்ணையிற் படுத்தவனைப் பிடித்த மரபு பிறருடையது. ஆனால் இன்று நாம் கட்டும் புதிய வீடுகளிலே திண்ணை உண்டா? இரும்புப் படலையும் உயர்ந்த மதிலும் அல்லவா உண்டு?

அன்னதானம் செய்கிறோம், அது புண்ணியம். அதை விடும்படி நான் சொல்லவில்லை. ஆனால் சோற்றை வாங்கியவனுடைய பெயரை நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? அன்னம் ஒரு வேளைப் பசியைத் தீர்க்கும். பெயர் சொல்லி அழைத்தல் அவனை மீண்டும் மனிதர் நடுவே இருத்தும். ஆதலால் இந்தச் சங்கத்தின் முன் நான்கு விண்ணப்பங்களை வைக்கிறேன்.

முதலாவது: நம் பகுதியிலே சொந்தக் காணியும் வீடும் இல்லாத குடும்பங்கள் எத்தனை என்பதைச் சங்கத்து இளைஞர்கள் வீடுவீடாக, கொட்டில் கொட்டிலாகச் சென்று அறிந்து ஒரு கொப்பியிலே எழுதவேண்டும். சாதி கேட்க வேண்டாம். சமயமும் கேட்க வேண்டாம்.

இரண்டாவது: பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை, வாக்காளர் பதிவு, காணி உறுதி ஆகிய இவற்றில் எது இல்லையோ அதனைப் பெற்றுக்கொடுக்க அவர்களோடு கச்சேரிக்குப் போகவேண்டும். படிவம் நிரப்பத் தெரிந்த ஓர் இளைஞன் அரைநாள் செலவிட்டால் ஒரு குடும்பம் அரசாங்கத்தின் கண்ணுக்குத் தெரியும்.

மூன்றாவது: கோயிற் தருமகர்த்தாக்களிடம் நாம் பணிவோடு கேட்கவேண்டும். கோயிலுக்குரிய வெறுங்காணி உள்ள இடங்களிலே, நிலமற்ற குடும்பங்களுக்கு நீண்டகாலக் குத்தகையில் ஒரு துண்டு கொடுக்கச் சட்டம் இடந்தருமாயின் அதனைச் செய்யலாகாதா? இறைவனுக்கு நிலம் குறைந்துவிடப்போவதில்லை.

நான்காவது: சோனகதெருவுக்குத் திரும்பி வந்த குடும்பங்களைச் சங்கத்தின் சார்பிலே சென்று கண்டு, "வந்தீர்களா, சுகமா?" என்று கேட்கவேண்டும். பல ஆண்டுகள் பிந்திவிட்டது. பிந்தியாயினும் கேட்கவேண்டும்.

நான்காவதைக் கேட்டுச் சிலர் முகஞ் சுளிப்பதைக் காண்கிறேன். நம் வீடு போனதை உலகமெல்லாம் சொல்லி நியாயம் கேட்கிறோம், கேட்பது சரியே. அதே வாயால் அயலவனுடைய வீட்டைப் பற்றியும் பேசினாலன்றி நம் நியாயத்துக்கு வலிமை உண்டாகாது.

அன்பர்களே, மணவாழ்வில் புகுந்தவர்களுக்கு வீட்டை ஆளும் கடமை உண்டு. இளைஞர்களுக்கு அதற்கு முன்னதாக ஒரு கடமை உண்டு. ஊரை ஆளாக்கும் கடமை. அடுத்த ஆண்டு விழாவிலே செயலாளர் வாசிக்கும் அறிக்கையில், நடந்த கூட்டங்களின் தொகையோடு, விலாசம் பெற்ற குடும்பங்களின் தொகையும் இருக்குமாயின் இந்தச் சங்கம் தன் பெயருக்கு ஏற்றதாகும். அந்தத் தொகை ஒன்றேயாயினும் நான் மகிழ்வேன்.

எல்லாம் வல்ல இறைவன் உங்கள் முயற்சிக்குத் துணைநிற்பானாக.